காக்காத்தியும் ரோஸியும் – கடிதம்

அன்புள்ள ஐயா,

பி.கே. ரோஸி பற்றிய உங்கள் குறிப்பைப் படித்தேன். மலையாள சினிமாவின் முதல் நாயகி, சரி. ஆனால் நடித்தது ஒரே ஒரு ஊமைப்படம். அதை வைத்து நடிகை என்று கொண்டாடுவது கொஞ்சம் அதிகம் இல்லையா? பாவப்பட்ட ஒரு பெண், அவ்வளவுதானே? அப்புறம், தமிழ்நாட்டுக்குத் தப்பி வந்தவர் என்கிறார்கள். அப்படியானால் நம் ஆளா, அவர்கள் ஆளா?

வாசகர், பாறசாலை

அன்புள்ள நண்பருக்கு,

கடைசிக் கேள்வியை முதலில் முடித்துவிடுகிறேன். திருவனந்தபுரத்தில் லாரி ஏறி அவர் போய்ச் சேர்ந்தது நாகர்கோவில். அன்றைக்கு இரண்டுமே திருவிதாங்கூர் சமஸ்தானம். நடுவில் மாநில எல்லைக் கோடு விழுந்தது 1956 நவம்பர் 1 அன்றுதான். உங்கள் பாறசாலை எல்லைச் செக்போஸ்டைக் கொண்டுபோய் அந்த லாரியை மறிக்காதீர்கள்.

ஒரே படம் என்பது உண்மை. ஆனால் ஜே.சி. டேனியல் 'விகதகுமாரன்' என்ற அந்தப் படத்தை எடுக்கும் முன்பே ரோஸி மேடை ஏறியவர். காக்காரிசி என்ற நாட்டார் நாடகம் ஆடியவர். அதில் சிவனும் பார்வதியும் காக்காலனும் காக்காத்தியுமாக நாடோடி வேஷத்தில் வருவார்கள். பாட்டு, பேச்சு எல்லாம் தமிழும் மலையாளமும் கலந்து ஓடும். சிறுவயதில் குழித்துறைப் பக்கம் ஒருமுறை பார்த்தேன். காக்காத்தி தமிழில் வைதுவிட்டு மலையாளத்தில் சமாதானம் சொன்னாள். எங்கள் வீட்டுச் சண்டையும் அப்படித்தான் நடக்கும்.

அப்படி வாயாடிப் பழகியவரைக் குரலே பதியாத படத்தில் நிறுத்தினார் டேனியல். தீண்டாமைக்கு ஆளான புலையர் சாதியில் பிறந்தவருக்குக் கொடுத்த வேடம் சரோஜினி என்ற மேல்சாதி நாயர் பெண். திருவனந்தபுரம் கேபிடல் தியேட்டரில் படம் ஓடியபோது, நாயகன் அவர் தலையிலிருந்த பூவை எடுத்து முத்தமிட்ட இடத்தில் திரைமேல் கல் விழுந்தது. ரோஸியைத் தியேட்டருக்குள்ளேயே விடவில்லை. பிறகு வீட்டுக்கும் தீ வைத்தார்கள் என்பார்கள். நாகர்கோவிலில் லாரி டிரைவரின் மனைவி ராஜம்மாளாக வாழ்ந்து முடித்தார். மறுபடி நடிக்கவில்லை.

'பாவப்பட்ட பெண்' என்றால் கல்லெறிந்தவர்களின் ஒரு ராத்திரியைத்தான் நாமும் நினைவில் வைக்கிறோம். அதற்கு முன்னால் தொழில் தெரிந்த ஒரு நாடகக்காரி இருந்தார். படச்சுருள் மிஞ்சவில்லை. அவருடையது என்று சுற்றும் போட்டோவையும் எல்லோரும் ஒப்புக்கொள்வதில்லை. காக்காரிசி ஆட்டம்தான் தெக்கன் திருவிதாங்கூரில் கொஞ்சம் மிச்சமிருக்கிறது. உங்கள் பக்கம் பழைய காக்காரிசிக்காரர் யாராவது இருந்தால் எழுதுங்கள். காக்காத்தி பாடும் வரி இரண்டு கிடைத்தாலும் போதும், பஸ் ஏறி வந்து கேட்டுக்கொள்கிறேன்.