மெடியா கொன்றாளா? – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

ஜெர்மன் எழுத்தாளர் கிறிஸ்டா வுல்ஃப் எழுதிய மெடியா நாவலை ஆங்கிலத்தில் படித்தேன். கணவன் ஜேசன் இன்னொருத்தியை மணக்கப் போனதற்காகப் பெற்ற பிள்ளைகளையே கொன்ற கிரேக்கப் புராணத்துச் சூனியக்காரி என்றுதான் மெடியாவைப் பற்றி இதுவரை கேள்விப்பட்டிருந்தேன். இந்த நாவலிலோ அவள் கொல்வதில்லை. கொரிந்து நகர மக்கள் கல்லெறிந்து கொன்றுவிட்டுப் பழியை அவள்மேல் போடுகிறார்கள். கெட்டவளை நல்லவளாக்குவதற்காகக் கதையையே மாற்றிவிட்டார் என்கிறார் என் தோழி. எது உண்மையான கதை?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

கதையை மாற்றியவர் கிரேக்க நாடகாசிரியர் யூரிப்பிடிஸாகத்தான் இருக்க வேண்டும். அவருடைய நாடகம் கி.மு. 431இல் ஏதென்ஸில் அரங்கேறியது. தாய் தெரிந்தே பிள்ளைகளைக் கொல்வது அவர் சேர்த்தது என்று ஆய்வாளர்கள் பலர் கருதுகிறார்கள். ஹீரா தேவியின் கோயிலில் பிள்ளைகளைச் சாகாவரம் பெற்றவர்களாக்க மெடியா முயன்று தோற்றாள் என்று ஒரு பழைய வடிவம் உண்டு. கி.பி. இரண்டாம் நூற்றாண்டில் கொரிந்துக்குப் போன கிரேக்கப் பயணி பாசானியாஸ் அந்தச் சிறுவர்களின் கல்லறையைப் பற்றி எழுதியிருக்கிறார். மணப்பெண்ணுக்கு நஞ்சூட்டிய பரிசைக் கொண்டுபோனதற்காக ஊரார் அவர்களைக் கல்லெறிந்து கொன்றார்களாம். அதன்பின் ஊரில் கைக்குழந்தைகள் செத்துக்கொண்டே இருந்ததால் ஆண்டுதோறும் பலி கொடுத்தார்களாம். தாயே கொன்றிருந்தால் ஊர் எதற்குப் பரிகாரம் செய்ய வேண்டும்?

ஆக, வுல்ஃப் பழைய வடிவத்துக்குத்தான் திரும்பிப் போகிறார். உங்கள் தோழியிடம் இதைச் சொல்லுங்கள்.

ஆனாலும் என் மனம் யூரிப்பிடிஸிடம்தான் நிற்கிறது. அவர் மெடியாவைக் கொல்ல வைக்கிறார், அப்புறமும் அவளை வெறுக்க நம்மை விடுவதில்லை. தொடக்கத்தில் அவள் கொரிந்துப் பெண்களிடம் பேசுகிறாள்: பணம் கொடுத்துக் கணவனை வாங்குகிறோம், அவனே நம் உடலுக்கு எசமானாகிறான், ஒரு பிள்ளை பெறுவதைவிட மூன்று முறை கேடயத்தோடு போர்க்களத்தில் நிற்பேன். அந்தப் பெண்கள் அவள் பக்கம் வருகிறார்கள், நாமும் வருகிறோம். பிறகு அந்த நீண்ட தனிமொழி. பிள்ளைகளின் கண்களைப் பார்க்கிறாள், வேண்டாம் என்கிறாள், எதிரிகள் சிரிப்பார்களே என்கிறாள், மறுபடியும் வேண்டாம் என்கிறாள். செய்யப்போவது எவ்வளவு கொடியது என்று அவளைவிட நன்றாக அறிந்தவர் அங்கே யாரும் இல்லை. அறிந்தே செய்கிறாள். ஏதென்ஸின் நாடகப் போட்டியில் அந்த ஆண்டு யூரிப்பிடிஸுக்குக் கிடைத்தது மூன்றாம் இடம், அதாவது கடைசி இடம்.

பின்னால் வந்த ரோமானிய நாடகாசிரியர் செனெகா மந்திரத்தையும் நஞ்சையும் பெருக்கினார். ஒரு பிள்ளையைக் கூரைமேல் ஜேசனின் கண்ணெதிரே கொல்ல வைத்தார். படிக்கப் பயமாக இருக்கிறது, ஆனால் அவளோடு நம்மால் நிற்க முடிவதில்லை.

வுல்ஃப் கிழக்கு ஜெர்மனியில் வாழ்ந்தவர். இரண்டு ஜெர்மனிகளும் இணைந்தபின் பத்திரிகைகள் அவரைக் கடுமையாகத் தாக்கின. 1996இல் வெளிவந்த இந்த நாவலில், ஒரு நகரம் அயல்நாட்டுப் பெண் ஒருத்தியைப் பலியாகத் தேர்ந்தெடுக்கும் பக்கங்கள் அவ்வளவு உண்மையாக இருக்கின்றன. என் குறை ஒன்றுதான். குற்றம் முழுவதும் மற்றவர்கள் தலையில் விழுந்துவிடுவதால் நமக்குச் சங்கடமே இல்லாமல் போகிறது.

அந்தச் சங்கடத்தை விடாமல் எழுதியவர் அமெரிக்க நாவலாசிரியர் டோனி மாரிசன். 1856 சனவரியில் மார்கரெட் கார்னர் என்ற அடிமைப் பெண் உறைந்த ஒஹாயோ ஆற்றைக் கடந்து குடும்பத்தோடு தப்பினார். பிடிக்க வந்தவர்கள் சூழ்ந்தபோது தன் சின்ன மகளைத் தானே கொன்றார். 1867இல் ஓர் ஓவியர் அந்தக் காட்சியை வரைந்து ‘நவீன மெடியா’ என்று பெயரிட்டார். அந்த ஒப்பீடு எனக்குச் சரியாகப் படவில்லை. மெடியா கொல்வது ஜேசனைத் தண்டிக்க, கார்னர் கொன்றது மகள் அடிமையாகத் திரும்பக் கூடாது என்பதற்காக. மாரிசன் இந்த நிகழ்ச்சியிலிருந்து 1987இல் ‘பிலவ்ட்’ நாவலை எழுதினார். அதில் தாய்க்கு விடுதலைத் தீர்ப்பும் இல்லை, தண்டனைத் தீர்ப்பும் இல்லை. மெடியாவின் பெயர் தாங்கிய பல நூல்களைவிட யூரிப்பிடிஸுக்கு நெருக்கமான நாவல் அதுதான் என்பேன்.

அடுத்து யூரிப்பிடிஸைப் படியுங்கள். சுமார் 1,400 வரிகள்தான், ஒரே மாலையில் முடித்துவிடலாம். உங்கள் தோழியையும் சேர்த்துக்கொண்டு சத்தமாக வாசித்தால் இன்னும் நல்லது.

அன்புடன்.