கேளுங்கள் சொல்கிறோம்: கோன், கோன், எத்தனை கோன்!

மாடித் தளத்துக்கு லாரியில் வந்த கான்கிரீட்டை ஓர் இரும்புக் கோனில் நிரப்பித் தூக்கினார்கள். கலவை அப்படியே அமுங்கியது. "ஸ்லம்ப் 120, ஓ.கே." என்றார்கள். அமுங்குவது நல்லதா?
*மதுரை வாசகர்*

அமுங்கத்தான் வேண்டும். எவ்வளவு என்பதுதான் கணக்கு. ஸ்லம்ப் கோனின் உயரம் 300 மி.மீ., அடி விட்டம் 200, வாய் விட்டம் 100. சுமார் 13 கிலோ கலவை பிடிக்கும். கோனின் உட்புறத்தை நனைத்து, தண்ணீர் உறிஞ்சாத சமமான தகட்டின் மேல் வைத்து, காலால் மிதித்துப் பிடித்துக்கொண்டு மூன்று அடுக்காக நிரப்ப வேண்டும். அடுக்குக்கு 25 குத்து, 16 மி.மீ. கம்பியால். வாயை மட்டமாக வழித்துவிட்டு, சில விநாடிகளில் நேர் மேலே தூக்க வேண்டும். காலி கோனைப் பக்கத்தில் வைத்து, அதன் மேல் கம்பியைக் கிடத்தி, அங்கிருந்து கலவையின் தலை வரை அளந்தால் அதுதான் ஸ்லம்ப்.

கான்கிரீட்டுக்கான இந்தியத் தர விதி ஐ.எஸ். 456-இன்படி கம்பி குறைவான தளம், பீம்களுக்கு 25 முதல் 75 மி.மீ.; கம்பி நெருக்கமானவற்றுக்கு 50 முதல் 100; பம்பில் ஏற்ற 75 முதல் 100. பிளாண்டில் கலந்து லாரியில் வரும் கலவையில் இதைவிடக் கூடுதலாகவும் கேட்டு வாங்குவது உண்டு. ஆகவே 120 என்ற எண்ணை மட்டும் பார்த்துப் பயப்பட வேண்டாம். அந்த இளக்கம் ரசாயனக் கலப்பால் வந்ததா, லாரி டிரம்மில் ஹோஸ் வைத்துத் தண்ணீர் விட்டதால் வந்ததா என்று பாருங்கள். தண்ணீர் என்றால் சிமென்டுக்கும் நீருக்கும் உள்ள விகிதமே கெட்டு, தளத்தின் பலம் குறையும். சலானில் கிரேடு, கேட்ட ஸ்லம்ப், கலவை போட்ட நேரம் மூன்றையும் சரிபாருங்கள். கோனைத் தூக்கியதும் கலவை ஒரு பக்கமாக அறுந்து சரிந்தால் அந்த அளவு செல்லாது. மறுபடி எடுக்கச் சொல்லுங்கள். இரண்டாம் முறையும் சரிந்தால் கலவையில் பிடிப்பு இல்லை.

'கோன்' தமிழ்ச் சொல்லா?
*தஞ்சாவூர் வாசகர்*

அரசனைக் குறித்தால் தமிழ். ஐஸ்கிரீமைக் குறித்தால் ஆங்கிலம் வழி வந்த கிரேக்கம். வடிவத்துக்கு நம் சொல் கூம்பு. மாலையில் தாமரை கூம்புகிறதே, அந்தக் கூம்புதல்தான். புறநானூறு 30-ஆம் பாட்டில் கூம்பு என்பது கப்பலின் பாய்மரம்.

கடை மருதாணி கோன் ஒரு மணி நேரத்தில் கறுக்கிறது. வீட்டில் செய்தால் நுனி அடைக்கிறது.
*கும்பகோணம் வாசகி*

ஒரு மணி நேரத்தில் கறுப்பது மருதாணி இலையின் நிறமே அல்ல. முடிச்சாயத்தில் இருக்கும் பி.பி.டி. கலந்திருக்கலாம், கொப்புளமும் தழும்பும் வரும். அலமாரியில் மாதக்கணக்காகத் தூங்கும் கோனையும் நம்ப வேண்டாம். கலந்த மருதாணி வெளியே சில நாளில் சக்தி இழந்துவிடும்.

வீட்டில் செய்ய: பொடியை மெல்லிய நைலான் துணியில் இரண்டு தரம் சலியுங்கள். அடைப்புக்கு முக்கால் காரணம் இலை நரம்புதான். 100 கிராம் பொடிக்கு எலுமிச்சைச் சாற்றைக் கொஞ்சம் கொஞ்சமாக விட்டுக் கெட்டியாகப் பிசைந்து, 2 மேசைக்கரண்டி சர்க்கரை, 30 மி.லி. நீலகிரித் தைலம் சேர்த்து (குழந்தைகளுக்கு என்றால் தைலம் வேண்டாம்) மூடி 6 முதல் 8 மணி நேரம் வையுங்கள். மேல் பரப்பு பழுப்பானால் சாயம் இறங்கிவிட்டது. பிறகு இன்னும் சாறு விட்டு, கரண்டியிலிருந்து அறுபடாமல் பட்டுப்போல் ஒழுகும் வரை அடியுங்கள். செலோபேன் கோனில் முக்கால் பங்குக்கு மேல் நிரப்பாதீர்கள், பின்பக்கம் பிதுங்கும். நுனியைக் கத்தரியால் பெரிதாக வெட்டாமல் மயிரிழை அளவே எடுங்கள். மிச்சம் ஃப்ரீசருக்கு. கையில் 6 மணி நேரமாவது இருக்கட்டும். சுரண்டி எடுங்கள், கழுவாதீர்கள். முதலில் ஆரஞ்சாகத்தான் இருக்கும், 48 மணி நேரத்துக்குள் கருஞ்சிவப்பாகும்.

நூல் கோனில் '5 டிகிரி 57' என்கிறார்களே, என்ன அது?
*திருப்பூர் வாசகர்*

கோனின் நடு அச்சுக்கும் பக்கச் சரிவுக்கும் இடையிலுள்ள கோணம்: 5 டிகிரி 57 நிமிடம். 3-30, 4-20, 9-15 என்றும் உண்டு. நிட்டிங் மெஷின் ஓடும்போது கோன் சுழலாது; நூல் மேல்பக்கமாக உருவிக்கொண்டு போகும். சரிவு இருப்பதால் கீழ்ச்சுற்றுகளில் உரசாமல் விலகி எழும், இழுவை சீராக இருக்கும். நேர் உருளையாக இருந்தால் உரசும், இழுவை கூடிக் குறையும், துணியில் கோடு விழும். காகிதக் கோனின் கோணமும் நூலைச் சுற்றும் வைண்டிங் டிரம்மின் கோணமும் ஒத்துப்போகாவிட்டால் ஒரு முனை தளர்ந்து சுற்றுகள் வழுக்கும். 30-ஆம் நம்பர் நூலில் ஒரு கிலோ என்றால் ஏறத்தாழ 50.8 கிலோமீட்டர், அத்தனை தூரமும் சிக்காமல் உருவ வேண்டுமே! வாக்ஸ் பூசிய கோனை அப்படியே சாயத்துக்கு அனுப்பாதீர்கள், திட்டுத் திட்டாகப் பிடிக்கும்.

பீங்கான் சூளைக்கு 'கோன் 6' கேட்டேன், 06 வந்தது. அதுவே போதாதா?
*புதுச்சேரி வாசகி*

போதாது. இந்தக் கோன் சூளைக்குள் நடும் சிறு கூம்பு; குறித்த சூட்டில் வளைந்து, பாண்டம் வெந்ததைக் காட்டும். எண்ணுக்கு முன்னால் உள்ள பூஜ்யம் கழித்தல் குறி மாதிரி. 06 சுமார் 1000 டிகிரி செல்சியஸில் வளையும், 6 சுமார் 1220-இல். 06-ஐ நம்பிச் சூளையை அணைத்தால் உயர்சூட்டில் சுடும் ஸ்டோன்வேர் களிமண் வேகாமல் தண்ணீர் உறிஞ்சும். தாழ்சூட்டுக் களிமண்ணை 6 வரை ஏற்றினாலோ உருகித் தட்டில் ஒட்டும். கோன் வெப்பத்தோடு நேரத்தையும் சேர்த்தே அளக்கிறது. மெதுவாக ஏற்றினால் குறைந்த சூட்டிலேயே வளைந்துவிடும். பார்வைத் துளைக்கு நேரே 5, 6, 7 மூன்றையும் சற்றே சாய்த்து வரிசையாக நடுங்கள். 5 விழுந்ததும் கண்ணை எடுக்காதீர்கள். 6-இன் நுனி அடிமட்டத்தைத் தொடும்போது அணையுங்கள். 7 நிமிர்ந்தே நிற்க வேண்டும்.