மக சவுனாவுக்குக் கூப்புடுறா, போகலாமா ஆச்சி?

கேள்வி: ஆச்சி, எனக்கு 46 வயசு. ரெண்டு பிள்ளையும் சிசேரியன், வயிறு தளந்து கோடு கோடா கெடக்கு, கண்ணாடி முன்னாடி நின்னே வருசக்கணக்காச்சு, கல்யாண வீட்டுக்குப் போனாலும் சேலைய இழுத்து இழுத்து மூடிக்கிட்டே உக்காந்திருப்பேன். மக ஜெர்மனில படிக்கிறா. அங்க சவுனால, அதாவது வேர்க்க வேர்க்க உக்காந்திருக்கிற சூடான ரூம்ல, ஆம்பள பொம்பள எல்லாரும் துணியில்லாம சும்மா உக்காந்திருக்காங்களாம், போய்ட்டு வந்ததுல இருந்து ஒடம்பப் பத்துன கூச்சமே போச்சும்மாங்கிறா. கோடையில என்னையும் வரச் சொல்றா. இது நெசமா, நான் போகலாமா?
- பெயர் வேண்டாம், காரைக்குடி

பதில்: மக சொல்றது நடக்கக்கூடியது தான் தங்கச்சி, அதுல அசிங்கம் ஒண்ணும் இல்ல. லண்டன் கோல்ட்ஸ்மித்ஸ் பல்கலைக்கழகத்துல கியான் வெஸ்ட்னு ஒரு உளவியல் ஆய்வாளர், 2020-ல வெளியான ஆய்வுல 51 பேர ரெண்டா பிரிச்சு, ஒரு பகுதிய துணியோடவும் இன்னொன்ன துணியில்லாமலும் பழக விட்டுப் பாத்தார். துணியில்லாம இருந்தவங்களுக்குத் தன் ஒடம்பு மேல மதிப்பு கூடியிருக்கு, மத்தவங்க நம்மள என்ன நெனைப்பாங்களோங்கிற பதட்டம் கொறஞ்சது தான் காரணம்னு சொல்றார். 51 பேரு சின்ன எண்ணிக்கை, அதுவும் சரின்னு வந்தவங்க, அதனால எல்லாருக்கும் இப்பிடியே நடக்கும்னு சொல்லமாட்டேன்.

ஆனா அந்தக் காரணம் எனக்கு நல்லாவே புரியுது. நம்ம பக்கம் கண்மாய் படித்துறையில பாவாடைய நெஞ்சுக்கு ஏத்திக் கட்டிக்கிட்டு பொம்பளைக குளிக்கும்போது, அப்பத்தாவோட சுருங்குன தோளு, பிள்ளை பெத்தவ வயித்துல வரி, அம்மை தழும்பு எல்லாமே சின்னப் புள்ளைகளுக்குக் கூட கண்ணுக்குப் பழகியிருந்துச்சு, ஒருத்தி முதுக ஒருத்தி தேச்சுவிட்டா, யாரும் வயித்த உள்ள இழுத்துப் புடிச்சுக்கிட்டு நிக்கல. (சாதி பாத்துத் துறை பிரிச்ச கொடுமையும் அங்க தான் இருந்துச்சு, அத மறைக்கக் கூடாது.) இப்ப ஆளுக்கொரு பாத்ரூம், அடுத்த பொம்பள ஒடம்ப நாம பாக்குறதே போன்ல தான், அதுவும் ஃபில்டர் போட்டது. அத வச்சு உன் வயித்த அளந்தா அது எப்பிடி ஜெயிக்கும்? சாதாரண ஒடம்புகள நாலு பேரு மத்தியில பாக்குறது தான் மருந்து, முழுசா அவுக்கணும்னு கட்டாயமே இல்ல.

அங்க பொம்பளைகளுக்கு மட்டும்னு தனி நாள் வச்சிருக்கிற சவுனா நெறைய இருக்கு, வேணும்னா அந்த நாள் பாத்துப் போ. பெரிய துண்ட பலகையில விரிச்சு அது மேல தான் உக்காரணும், போன உள்ள கொண்டு போகக் கூடாது, வெறிச்சுப் பாக்குறத அங்க யாரும் சகிக்கமாட்டாங்க. மக முன்னாடி கூச்சமா இருந்தா அவகிட்டயே சொல்லு, புடிக்கலைன்னா வராதத அவ தப்பா எடுத்துக்க மாட்டா. ஆனா கண்ணாடிய பாக்கவே முடியலைங்கிறியே, அதுக்குக் கோடை வரைக்கும் காத்திருக்காத, மதுரையிலயோ திருச்சியிலயோ ஒரு மனநல ஆலோசகர இப்பவே பாரு. பிபி, இருதயக் கோளாறு இருந்தா டாக்டர கேக்காம சவுனாவுக்குள்ள போகாத, உள்ள 80, 90 டிகிரி சூடு இருக்கும்.