கற்பனை உலகக் கதைகளில் ‘ஆபத்தான மர்ம இடம்’ என்பது என்ன? அது ஏன் தேவைப்படுகிறது?

புனைந்து படைக்கப்பட்ட ஓர் உலகில், அங்கு வாழ்வோர் எல்லாருக்கும் தெரிந்திருந்தும் ஒருவரும் நெருங்கத் துணியாத மலையையோ கோபுரத்தையோ நீர்ச்சுழியையோதான் இப்படிக் குறிப்பிடுகிறோம். முழுவதும் காட்டிவிட்ட ஆபத்தை மனம் விரைவில் பழகிக்கொள்கிறது. பாதி மறைத்த ஆபத்தையோ தானே நிரப்பிப் பார்க்கத் தொடங்குகிறது. வீட்டில் எப்போதும் பூட்டியே கிடக்கும் அறையைப் பற்றித்தானே குழந்தைகள் ஓயாமல் கேட்கிறார்கள்!

இது பழைய வழக்கம். 1539-இல் ஸ்வீடன் நாட்டு மதகுருவான ஒலாவுஸ் மாக்னுஸ் வெளியிட்ட வடபுலக் கடல் வரைபடத்திலேயே நார்வே கரையோரம் அச்சமூட்டும் பெருஞ்சுழி ஒன்று வரையப்பட்டுள்ளது. லொஃபோட்டன் தீவுகளுக்கருகே கடல் ஏற்றவற்றத்தால் எழும் வலிய நீரோட்டமே அதன் பின்னணி.

இத்தகைய இடத்தை நம்பவைப்பவை சிறிய அடையாளங்களே என்பது என் உறுதியான கருத்து: அத்திசையில் மட்டும் சன்னல் வைக்காத வீடுகள், அந்த வளைவு வந்ததும் பேச்சை நிறுத்திவிட்டுத் துடுப்பை மெல்லப் போடும் படகோட்டி.

மர்மம் என்றால் விதியே இல்லை என்று பலர் எண்ணுவது தவறு. எவ்வளவு அருகில், எந்த வேளையில் போனால் என்ன நேரும் என்பதை எழுதுபவர் முன்கூட்டியே வகுத்து, கதை முடியும்வரை மாற்றாமல் வைத்திருக்க வேண்டும்.