மடோகா மாஜிகா என்ற ஜப்பானிய அனிமே தொடரின் 8ஆம் எபிசோடில், மந்திரச் சிறுமி சயகாவின் ரத்தினம் ஏன் கறுத்துப்போகிறது?

இருள் வெளியிலிருந்து வந்து அவளைப் பிடித்ததாகப் பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. 2011இல் வந்த இந்தத் தொடரில் மந்திரச் சிறுமிகளின் ஆன்மாவே அந்த ரத்தினம்தான். மந்திரம் செலவானாலும் மங்கும், மனம் நொந்தாலும் மங்கும். முழுதாகக் கறுத்தால் அந்தச் சிறுமியே சூனியக்காரியாகிவிடுவாள்.

வயலின் வாசிக்கும் கியோசுகேயின் கை குணமாக வேண்டும் என்று வரம் கேட்டு மந்திரச் சிறுமியானவள் சயகா. கை சரியானது, காதலைச் சொல்லத்தான் அவளுக்கு வாய் வரவில்லை.

ரயில் நிலையக் காட்சியைப் பாருங்கள். எத்தனை பேரைக் காப்பாற்றினேனோ அந்த அளவுக்கு வெறுப்பும் மனதில் சேர்ந்துவிட்டது என்று இன்னொரு மந்திரச் சிறுமியான கியோகோவிடம் சொல்கிறாள். ரத்தினத்தில் ஒரு துளிக் கண்ணீர் விழுகிறது, அவ்வளவுதான், சூனியக்காரியாகிவிடுகிறாள்.

என்னைக் கேட்டால், சயகாவின் பலத்துக்குக் குறைவில்லை. உதவியை ஏற்கத்தான் மனமில்லை. ரத்தினத்தின் அழுக்கை உறிஞ்சும் விதையைச் சக மந்திரச் சிறுமி ஹோமுரா கொடுத்தபோதுகூடத் தட்டிவிட்டாளே!