கை செயலிழந்த பியானோ கலைஞர் நல்ல ஆசிரியராக முடியுமா?

முடியும். அமெரிக்கப் பியானோ கலைஞர் லியான் ஃபிளைஷரின் வாழ்க்கையே அதற்குச் சான்று. 1928-ல் சான் பிரான்சிஸ்கோவில் பிறந்தவர். ஒன்பது வயதில் புகழ்பெற்ற பியானோ கலைஞர் ஆர்ட்டுர் ஷ்னாபெலிடம் மாணவராகச் சேர்ந்தார். ஷ்னாபெலின் குரு லெஷெட்டிட்ஸ்கி, அவருடைய குரு செர்னி, செர்னியின் குரு பீத்தோவன். நம்மூர் சங்கீதக்காரர்கள் குருபரம்பரை சொல்வது போலத்தான்! 1952-ல் பிரஸ்ஸல்ஸில் நடந்த குயின் எலிசபெத் இசைப் போட்டியில் முதல் பரிசு வாங்கினார்.

1964 வாக்கில் வலது கையின் மோதிர விரலும் சுண்டு விரலும் தாமாக மடங்கத் தொடங்கின. ஃபோகல் டிஸ்டோனியா என்ற நரம்பியல் கோளாறு. விரலில் வலுக் குறைவதில்லை; மூளை அனுப்பும் கட்டளைதான் குழம்புகிறது. அதனால் கூடுதலாகச் சாதகம் செய்தாலும் சரியாகாது.

பால்டிமோரின் பீபாடி இசைக்கல்லூரியில் 1959 முதலே அவர் பாடம் நடத்தி வந்தார். ஆனால் முன்பு போல வாசித்துக் காட்டிப் புரியவைக்க இப்போது வழியில்லை. ஓர் இசைத் தொடர் எங்கே மூச்சு விட வேண்டும், தாளம் எங்கே இழுபட வேண்டும் என்பதையெல்லாம் வார்த்தையில் சொல்லியாக வேண்டும். என்னைக் கேட்டால், அவரைப் பெரிய ஆசிரியராக்கியது இந்தக் கட்டாயம்தான். வாசித்துக் காட்டினால் மாணவர் அதை அப்படியே நகலெடுப்பார், சொன்னால் யோசிப்பார். பியானோ கலைஞர்கள் யெஃபிம் பிரான்ஃப்மன், ஜொனாதன் பிஸ் எல்லாம் அவரிடம் படித்தவர்கள்.

இடையில் இசையமைப்பாளர் ராவெல் இடது கைக்கு மட்டும் எழுதிய கான்செர்ட்டோ (இசைக்குழுவுடன் தனிக் கலைஞர் வாசிக்கும் படைப்பு) போன்றவற்றை வாசித்தார், இசைக்குழுக்களுக்குக் கண்டக்டராகவும் இருந்தார். அப்புறம் 1990-களில் தசையைத் தளர்த்தும் போடாக்ஸ் ஊசி ஓரளவு பலன் தர, மறுபடி இரு கைகளாலும் மேடையேறினார். பாடம் நடத்துவதை மட்டும் விடவில்லை. 2020-ல் காலமானார்.