தைனசோர் தடுத்தால் அது கிளாத்ரின் வழிதானா?

கேள்வி: என் முதுகலை ஆய்வுத் திட்டத்தில், ஒளிரும் சாயம் இணைத்த ஒரு புரதம் வளர்ப்புச் செல்களுக்குள் எவ்வழியாக நுழைகிறது என்று பார்த்துவருகிறேன். தைனசோர் என்ற தடுப்பியைச் சேர்த்ததும் நுழைவு ஏறத்தாழ நின்றுவிட்டது. கிளாத்ரின் என்ற புரதம் உறையாகச் சூழும் நுண்குமிழ்கள் வழியாகவே நுழைகிறது என்று அறிக்கையில் எழுதலாமா?

பதில்: இப்போதைக்கு எழுத வேண்டாம். தைனசோர் குறிவைப்பது தைனமின் என்ற புரதத்தை. தைனமின் உறைப் புரதம் அன்று. செல்சவ்வு உட்குழிந்து, பை போலத் தொங்கும்போது, அதன் கழுத்தைச் சுற்றிக்கொண்டு, ஜிடிபி என்ற ஆற்றல்தரும் மூலக்கூறைச் சிதைத்துப் பெறும் ஆற்றலால் அறுத்துவிடுவதே அதன் வேலை. கேவியோலா எனப்படும் செல்சவ்வின் சிறு குழிகள் முதலிய வேறு சில நுழைவழிகளும் இதே கத்தரியை நம்பியிருக்கின்றன. போதாக்குறைக்கு, தைனசோர் சவ்வின் கொலஸ்ட்ராலையும் குலைக்கிறது. தைனமினே இல்லாத செல்களிலும் அதன் விளைவுகள் தென்பட்டுள்ளன.

எங்கே சோதிக்க வேண்டும் என்பதை அறிய, உறை எப்படி அமைகிறது என்பதைப் பார்க்க வேண்டும். 1975இல் பார்பரா பியர்ஸ் பன்றி மூளையிலிருந்து உறையுள்ள நுண்குமிழ்களைத் தூய்மையாகப் பிரித்தெடுத்தார். அவற்றின் முதன்மைப் புரதத்துக்கு அடுத்த ஆண்டு கிளாத்ரின் என்று பெயரிட்டார். மூன்று கனச்சங்கிலிகளும் மூன்று இலகுச்சங்கிலிகளும் சேர்ந்த மூன்று கால்கள் கொண்ட வடிவிலான இந்த மூலக்கூறுகள், ஒன்றன் கால்மீது இன்னொன்றின் கால் படிய, அறுகோணங்களும் ஐங்கோணங்களுமான கூடையாகத் தாமே கோத்துக்கொள்கின்றன. ஐங்கோணங்கள்தாம் வளைவைத் தருகின்றன. கூடை முழுதாக மூட அவை 12 வேண்டும். ஆனால் கிளாத்ரின் தானாகச் சவ்வைப் பற்றாது, உள்ளே கொண்டுபோக வேண்டிய சரக்கையும் அடையாளம் காணாது. பாடநூல் படங்கள் இதைத் தெளிவாகக் காட்டாததால்தான், கிளாத்ரினே சரக்கைப் பிடிக்கிறது என்ற எண்ணம் மாணவர்களிடம் ஊன்றிவிடுகிறது என்பது என் கணிப்பு.

சரக்கைப் பொறுக்குவது இணைப்புப் புரதங்களின் வேலை. அவற்றில் முதன்மையான ஏபி2, செல்நீர்மத்தில் மிதக்கும்போது தன் பற்றுக்குழிகளை மூடிவைத்திருக்கிறது. செல்சவ்வின் உட்பக்கத்தில் உள்ள ஒருவகை இனோசிட்டால் கொழுப்பைத் தொட்டதும் விரிந்து, சரக்கைப் பற்றும் சவ்வுப் புரதங்களான ஏற்பிகளின் வால்பகுதியில் டைரோசின் முதலிய அமினோ அமிலங்களாலான குறுஞ்சைகைகளைப் பற்றிக்கொண்டு, மறுபக்கம் கிளாத்ரினை அழைக்கிறது. இந்தச் சைகை எவ்வளவு முக்கியம் என்பதை பிரவுன், கோல்ட்ஸ்டீன் என்ற விஞ்ஞானிகளின் ஆய்வுகள் காட்டின: கொலஸ்ட்ராலைச் சுமக்கும் எல்டிஎல் துகளைப் பற்றும் எல்டிஎல் ஏற்பியின் வாலில் ஒரே ஒரு டைரோசின் சிஸ்டைனாக மாறியிருந்த நோயாளியின் செல்களில், எல்டிஎல் ஏற்பியோடு சரியாக ஒட்டியும், ஏற்பிகள் உறைக்குழிகளில் திரளாததால் உள்ளே போக முடியவில்லை.

ஆகவே தடுப்பி மருந்துகளை விட்டுவிட்டு, குறிப்பிட்ட புரதத்தின் உற்பத்தியைக் குறைக்கும் எஸ்ஐஆர்என்ஏ கொண்டு ஏபி2வின் மியூ துணையலகை ஒரு தொகுதிச் செல்களிலும், கிளாத்ரின் கனச்சங்கிலியை இன்னொரு தொகுதியிலும் குறைத்துப் பாருங்கள். புரதம் உண்மையில் குறைந்ததா என்பதை புரத அளவைக் காட்டும் வெஸ்டர்ன் பிளாட் சோதனையில் உறுதிசெய்த பிறகே நுழைவை அளக்க வேண்டும். இரண்டையும் செய்யச் சொல்வதற்குக் காரணம் உண்டு. எல்டிஎல் ஏற்பி போன்றவை ஏஆர்எச், டேப்2 என்ற வேறு இணைப்புப் புரதங்களையும் பயன்படுத்துவதால், ஏபி2 குறைந்த செல்களிலும் அவை பெருமளவு நுழையக்கூடும். எனவே ஏபி2 குறைந்தும் உங்கள் புரதம் நுழைந்தால், அதை வைத்துக் கிளாத்ரின் வழியை மறுத்துவிட முடியாது. கிளாத்ரினோ கோல்கி உறுப்பிலும் ஏபி1 என்ற புரதத்தோடு இயங்குகிறது; அதைக் குறைத்தால் மேற்பரப்பை அடையும் ஏற்பிகளின் எண்ணிக்கையே மாறலாம். உள்ளே போன அளவை மேற்பரப்பில் ஒட்டிய அளவோடு ஒப்பிட்டு விகிதமாகத் தருவது இந்தக் குழப்பத்தைத் தவிர்க்கும்.

ஒப்பீட்டுச் சரக்காக, இரும்பைச் சுமக்கும் புரதமான டிரான்ஸ்ஃபெரினை வையுங்கள். அதன் ஏற்பி ஏபி2வையே வெகுவாக நம்பியிருப்பதால், அதன் நுழைவு குறையாவிட்டால் உங்கள் எஸ்ஐஆர்என்ஏ வேலை செய்யவில்லை என்று பொருள். பனிக்கட்டியின் மீது செல்களை வைத்துப் புரதத்தை ஒட்டவிடுங்கள். அந்தக் குளிரில் அது ஒட்டும், நுழையாது. பிறகு 37 டிகிரி செல்சியஸுக்கு மாற்றி, 5 நிமிடத்தில் நிறுத்திவிடுங்கள். டிரான்ஸ்ஃபெரின் சிதையாமல் ஏற்பியோடு மேற்பரப்புக்குத் திரும்பிவிடும் என்பதால், நேரம் நீண்டால் நுழைவோடு திரும்புதலும் கலந்துவிடும்.

மேற்பரப்பில் எஞ்சியதைக் கழுவும்போதுதான் பலர் சறுக்குகிறார்கள். அமிலக் கரைசலால் மட்டும் கழுவினால் டிரான்ஸ்ஃபெரின் இரும்பை விடுமே தவிர ஏற்பியை விடாது; இரும்பிழந்த டிரான்ஸ்ஃபெரின் அமிலச் சூழலில் ஏற்பியோடு உறுதியாக ஒட்டியிருக்கும். அமிலக் கழுவலுக்குப் பின், இரும்பைப் பற்றும் டெஸ்ஃபெரியாக்ஸமின் கலந்த நடுநிலைக் கரைசலால் இன்னொரு முறை குளிர்நிலையிலேயே கழுவுங்கள். உங்கள் புரதத்துக்கு எந்தக் கழுவல் பொருந்தும் என்பதை, 37 டிகிரிக்கே கொண்டுபோகாத செல்களில் முன்கூட்டியே சோதித்துக்கொள்ளுங்கள். அவற்றில் ஒளிர்வு ஏறத்தாழ முழுதாக மறைய வேண்டும்.

இவை முடியும்வரை அறிக்கையில் “தைனசோரால் தடுக்கப்படும் நுழைவு” என்று மட்டும் எழுதுங்கள்.